அக்ரூட் பூரணமும் பனிச் சர்க்கரையும்

ஹங்கேரியில் டிசம்பர் 24 இரவுச் சாப்பாடு முடிந்ததும், பழைய வழக்கத்தை விடாத வீடுகளில் மேசைக்கு ஒரு கிண்ணம் அக்ரூட் வரும். ஓடு உடைக்காத முழுக் காய்கள். ஆளுக்கு ஒன்றை எடுத்து உடைத்துப் பார்க்க வேண்டும். பருப்பு வெளுப்பாக, முழுசாக இருந்தால் வருகிற வருஷம் உடம்புக்கு ஒன்றும் வராது. கருத்திருந்தாலோ சொத்தையாக இருந்தாலோ நோய் வரும் என்று அர்த்தம். சில கிராமங்களில் அறையின் நான்கு மூலைக்கும் மூலைக்கொரு காயை வீசுவதும் உண்டு. கெட்டது வீட்டை அண்டாதாம். இன்றைய புடாபெஸ்ட் அடுக்குமாடி வீடுகளில் இதெல்லாம் பெரும்பாலும் விளையாட்டாகிவிட்டது. ஆனால் அடுப்படியில் அக்ரூட்டுக்கு இருக்கும் மரியாதை கொஞ்சமும் குறையவில்லை. அது இல்லாமல் அந்த ஊரில் கிறிஸ்துமஸ் நடக்காது.

பண்டிகைப் பலகாரம் என்றதும் ஹங்கேரியர் முதலில் சொல்வது பெய்க்லி. பூரணம் பரப்பிச் சுருட்டிய நீளமான ரொட்டி அது. ஒன்றில் அக்ரூட், இன்னொன்றில் கசகசா. இரண்டும் ஜோடியாகத்தான் மேசைக்கு வரும். கசகசா செல்வத்துக்கு, அக்ரூட் காப்புக்கு என்பது கணக்கு. நம் மளிகைக் கடையில் கிடைப்பது வெளிர் நிறக் கசகசா. அங்கே கருநீலம், அதையும் கால் கிலோ கணக்கில் அரைத்துக் கொட்டுவார்கள். பெய்க்லிக்குப் புகழ் அதிகம், தலைவலியும் அதிகம். அடுப்பில் வேகும்போது மேல்தோல் பிளந்து பூரணம் வெளியே வழிந்துவிடும். பெய்க்லி ஏன் வெடிக்கிறது என்று டிசம்பர் தோறும் அந்த நாட்டுப் பத்திரிகைகளில் யாராவது எழுதிக்கொண்டே இருப்பார்கள்.

அதோடு ஒப்பிட்டால் கிஃப்லி சத்தமில்லாத பலகாரம். விரல் நீளத்தில் வளைந்த சின்னப் பிறை. உள்ளே அக்ரூட் பூரணம், மேலே பொடித்த சர்க்கரை. வெள்ளைச் சர்க்கரையில் முழுக்கப் புரட்டி எடுப்பதால் இதற்கு ஹோகிஃப்லி, அதாவது பனிக் கிஃப்லி என்று பெயர். கடைக் கண்ணாடிப் பெட்டியில் பெய்க்லிதான் முன்னால் நிற்கும். வீட்டுத் தகர டப்பாவில் கிஃப்லிதான் நிறைந்திருக்கும். கிறிஸ்துமஸுக்கு ஒரு வாரம் முன்பே சுட்டு வைத்துவிடலாம், கெடாது. ஒன்று உடைந்தாலும் நஷ்டமில்லை, சுடுகிறவர் வாயில் போட்டுக்கொள்ளலாம். மாவில் உருட்டிச் செய்யும் எதையும் முதல்முறை முயல்கிறவர் பெய்க்லியை விட்டுவிட்டுக் கிஃப்லியில் தொடங்குவதே புத்திசாலித்தனம்.

மத்திய ஆசியாவிலும் பாரசீகத்திலும் வேர்கொண்ட அக்ரூட் மரத்தை ஐரோப்பாவின் பல பகுதிகளுக்கும் பரப்பியதில் ரோமானியர்களுக்குப் பெரிய பங்கு உண்டு. ஹங்கேரியில் அது தோட்டப் பயிர் என்பதைவிட முற்றத்து மரம். கிராமத்து வீட்டின் பின்புறம் ஒரு அக்ரூட் மரம் நிற்பது அங்கே சாதாரணம். வடகிழக்கில், டிசா ஆற்றின் மேல்பகுதியில் உள்ள மிலோடா என்னும் ஊரின் பெயரையே ஒரு ரகத்துக்கு வைத்திருக்கிறார்கள்: மிலோடாய் 10. அதே வட்டாரம் பிளம் பழத்துக்கும் பேர்போனது. சர்க்கரையே சேர்க்காமல் பெரிய கொப்பரையில் மணிக்கணக்காகக் கிண்டிக் கிண்டி, கரண்டியைக் கவிழ்த்தாலும் விழாத கருப்பு ஜாமாக எடுப்பார்கள். இந்த பிளம் ஜாமும் கிஃப்லிக்குள் போகும். அக்ரூட்டும் ஜாமும் ஒரே வட்டாரத்தில் கிடைக்கும்போது இரண்டையும் ஒரே மாவில் மடிக்கத் தோன்றாமல் இருக்குமா?

செப்டம்பர், அக்டோபரில் காய் உதிரும். பச்சைத் தோலை உரிக்கும்போது அதன் சாறு பட்டுக் கை கருத்துப்போகும். எத்தனை சோப்புப் போட்டாலும் சில நாட்களுக்குப் போகாது. பிறகு காயைக் கழுவி, பரப்பிக் காயவைத்து, சாக்கில் கட்டி மாடத்தில் ஏற்றிவிடுவார்கள். நவம்பர் மாலைகளில் மேசையைச் சுற்றி உட்கார்ந்து உடைப்பது வீட்டிலுள்ள எல்லோருக்கும் பொதுவான வேலை. அண்மைக் காலத்தில் இந்த வழக்கத்துக்கு ஒரு சின்ன ஈ இடைஞ்சலாக வந்திருக்கிறது. வட அமெரிக்காவைச் சேர்ந்த அக்ரூட் தோல் ஈ ஐரோப்பாவுக்குள் புகுந்து, 2010களில் ஹங்கேரியிலும் பரவியது. இதன் புழுக்கள் பச்சைத் தோலைத் தின்று கருக்கிவிடும், பருப்பும் கெடும். முற்றத்து மரத்தை நம்பியிருந்த பல வீடுகள் இப்போது சந்தையில் பருப்பு வாங்குகின்றன.

பிறை வடிவம் எப்படி வந்தது என்று கேட்டால் மத்திய ஐரோப்பா முழுக்க ஒரே கதையைச் சொல்வார்கள். 1683இல் துருக்கியப் படை வியன்னாவை முற்றுகையிட்டது. விடியற்காலையில் மாவு பிசைந்துகொண்டிருந்த ரொட்டிக்காரர்கள் சுரங்கம் தோண்டும் சத்தத்தைக் கேட்டு நகரத்தை எழுப்பினார்கள். எதிரி தோற்றதும் அவன் கொடியில் இருந்த பிறையை ரொட்டியாகச் சுட்டுத் தின்றார்கள். இதே கதையை 1686இல் மீட்கப்பட்ட புடா நகரத்தின் மேல் ஏற்றிச் சொல்வாரும் உண்டு. கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் நிற்காது. கிப்ஃபெல் என்ற பலகாரம் வியன்னாவில் அதற்கு நானூறு ஆண்டுகளுக்கு முன்பே இருந்தது. 13ஆம் நூற்றாண்டுச் செய்யுளிலேயே அதைப் பற்றிய குறிப்பு உண்டு. வெற்றிக் கதை பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. கிஃப்லி என்ற ஹங்கேரியப் பெயரும் அந்த வியன்னாப் பெயரிலிருந்து பிறந்ததுதான்.

கிஃப்லியின் வரலாற்றில் வியன்னாவைவிட முக்கியமான ஊர் ஒன்று இருக்கிறது. 1526இல் மொஹாச் போரில் ஹங்கேரி தோற்று, நாட்டின் நடுப்பகுதி துருக்கியர் கைக்குப் போனது. 1536இல் தலைநகரம் மேற்கே, டான்யூப் கரையில் இருந்த போஜோனி நகரத்துக்கு மாறியது. அதற்கப்புறம் இரண்டரை நூற்றாண்டு அதுதான் தலைநகரம். 1563 முதல் 1830 வரை ஹங்கேரிய அரசர்களுக்கு அங்கேதான் முடிசூட்டினார்கள். ஜெர்மன், ஹங்கேரிய, ஸ்லோவாக் மொழிகள் மூன்றும் ஒரே தெருவில் புழங்கிய அந்த ஊரின் ரொட்டிக்காரர்கள் கிஃப்லியை நுணுக்கமான கைவேலையாக்கினார்கள். மாவு மிக மெல்லிசு, பூரணம் தாராளம், மேலே பளிங்கில் ஓடும் கோடுகள் போன்ற மினுக்கம். உள்ளே என்ன இருக்கிறது என்பதை வடிவமே சொல்லிவிடும். வட்டமாக வளைந்திருந்தால் அக்ரூட்; குதிரை லாடம் போலிருந்தால் கசகசா. கடைக்கு வந்தவர் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை.

முதல் உலகப் போருக்குப் பின் அந்த நகரம் செக்கோஸ்லோவாகியாவுக்குப் போய், பிராட்டிஸ்லாவா என்ற பெயரைப் பெற்றது. ஊர் கைமாறினாலும் பலகாரம் எல்லைக்கு இரண்டு பக்கமும் நிலைத்தது. 2012இல் ஐரோப்பிய ஒன்றியம் இதற்குப் ‘பாரம்பரிய தயாரிப்பு’ என்ற அங்கீகாரம் கொடுத்தபோது ஸ்லோவாக், ஜெர்மன், ஹங்கேரியப் பெயர்கள் மூன்றையும் சேர்த்தே பதிவு செய்தது. அரசியலில் எளிதில் ஒத்துப்போகாத அண்டை வீட்டார் பலகாரத்தில் ஒத்துப்போன அபூர்வமான இடம் இது.

வீட்டுச் சமையலுக்கு இவ்வளவு சர்க்கரை வந்தது பிந்தித்தான். 19ஆம் நூற்றாண்டில் பீட் கிழங்கிலிருந்து சர்க்கரை எடுக்கும் ஆலைகள் பெருகிய பிறகே சாதாரணக் குடும்பங்களுக்கு இனிப்புப் பலகாரம் கட்டுப்படியானது. கிறிஸ்துமஸ் மரமும் ஏறக்குறைய அதே நூற்றாண்டுச் சரக்குதான். 1824இல் ஹங்கேரியில் முதல் கிறிஸ்துமஸ் மரத்தை வைத்தவர் டெரேஸ் புருன்ஸ்விக் என்று சொல்வதுண்டு. 1828இல் அந்த நாட்டின் முதல் மழலையர் பள்ளியைத் தொடங்கியதும் இவரே. அங்கே மரத்தையும் பரிசுகளையும் கொண்டுவருவது சிவப்புச் சட்டைத் தாத்தா அல்ல. அவர், மிகுலாஷ், டிசம்பர் 6ஆம் தேதியே வந்து குழந்தைகளின் பூட்ஸில் மிட்டாய் போட்டுவிட்டுப் போய்விடுவார். 24ஆம் தேதி மாலை வருவது குழந்தை இயேசு. குழந்தைகளை வெளியே கூட்டிப்போய் வேடிக்கை காட்டிக்கொண்டிருப்பார்கள். அதற்குள் வீட்டுக்குள் மரம் முளைத்து, மணியும் அடிக்கும். பிறகு மீன் குழம்பு, முட்டைக்கோஸ் இலையில் பொதிந்த கறி, கடைசியில் பலகாரத் தட்டு.

சரி, அடுப்படிக்குப் போவோம்.

ஹங்கேரியச் சமையல் குறிப்புகளில் கிராம் கணக்கு அதிகம் வராது, டெகா என்பார்கள். ஒரு டெகா பத்து கிராம். முதல்முறை செய்பவருக்குப் பாதி அளவு போதும்: 25 டெகா மைதா, அதாவது 250 கிராம், 125 கிராம் வெண்ணெய், 100 கிராம் புளித்த கிரீம், ஒரு முட்டை மஞ்சள் கரு, ஒரு சிட்டிகை உப்பு. மாவில் சர்க்கரை சேர்ப்பதே இல்லை, சேர்த்தாலும் ஒரு கரண்டிதான். இனிப்பு முழுவதும் பூரணத்திலும் மேல்பூச்சிலும் இருந்து வருகிறது. மாவு அந்த இனிப்பைத் தாங்கும் மெல்லிய உறை, அவ்வளவுதான். சர்க்கரையை மாவிலும் கொட்டிவிட்டால் மூன்றாவது கிஃப்லியைக் கையில் எடுக்க மனம் வராது. பழைய வீடுகளில் வெண்ணெய்க்குப் பதில் பன்றிக் கொழுப்பு போட்டார்கள், இன்றும் சிலர் போடுகிறார்கள். மாவு பொலபொலவென்று வருவதில் அதை மிஞ்ச முடியாது என்பது அவர்கள் கட்சி. ஈஸ்ட் சேர்த்துச் செய்யும் வீடுகளும் உண்டு. போஜோனி வகை கிஃப்லிக்கு ஈஸ்ட் மாவுதான். பனிக் கிஃப்லிக்கு அது அவசியமில்லை.

வெண்ணெய் ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த சூட்டில், அதாவது சூடே இல்லாமல், கட்டியாக இருக்க வேண்டும். சின்னச் சின்னத் துண்டுகளாக்கி மைதாவில் போட்டு, விரல் நுனிகளால் உதிர்த்து உதிர்த்துத் தேய்த்தால் ரவை பதத்துக்கு வரும். இந்தத் தேய்ப்பில்தான் விஷயம் இருக்கிறது. மைதாவில் தண்ணீர் படும்போது அதிலுள்ள புரதம் பசையாகி இழுவை உண்டாகும். பரோட்டாவுக்கு வேண்டியது அது, கிஃப்லிக்கு வேண்டாதது. தண்ணீருக்கு முன்னால் கொழுப்பு போய் மாவுத் துகள்களைப் பூசிவிட்டால் இழுவை பிடிக்க இடமிருக்காது. ஈரப்பதத்துக்குப் பாலையோ தண்ணீரையோ ஊற்றாமல் புளித்த கிரீமைச் சேர்ப்பதும் இதே காரணத்துக்காக. அதன் கொழுப்பும் லேசான புளிப்பும் சேர்ந்து மாவை மென்மையாக்கும். மஞ்சள் கருவும் கிரீமும் போட்டபின் பிசையவே கூடாது; ஒன்றுசேரும் அளவுக்கு அமுக்கி, இரண்டு தட்டையான வில்லைகளாக்கி, மூடிக் குளிரில் வைத்துவிட வேண்டும். குறைந்தது இரண்டு மணி நேரம். ஓர் இரவு வைத்தால் இன்னும் நல்லது. உருண்டையாக வைக்காமல் வில்லையாக வைப்பதற்குக் காரணம், நடுவிலும் சீக்கிரம் குளிரும், பிறகு தேய்க்கும்போது ஓரம் வெடிக்காது.

இனி பூரணம். ஹங்கேரிய அடுப்படியில் இதற்கென்றே ஒரு கருவி இருக்கிறது. மேசை விளிம்பில் திருகி மாட்டுவது. மேலே ஒரு சின்னக் குழல், அதற்குள் பருப்பைப் போட்டு மரக்கட்டையால் லேசாக அமுக்கிக்கொண்டு கைப்பிடியைச் சுற்ற வேண்டும். உள்ளே சுழலும் உருளையில் சின்னச் சின்னப் பற்கள். பருப்பு இழை இழையாகச் சீவப்பட்டுக் கிண்ணத்தில் உலர்ந்த தூளாகக் கொட்டும். கையில் எடுத்தால் ஒட்டாது, ஊதினால் பறக்கும். மிக்சியில் போட்டால் இது கிடைக்காது. அக்ரூட்டில் நூற்றுக்கு அறுபத்தைந்து பங்கு கொழுப்பு. பிளேடு வேகமாகச் சுழன்று சூடேறினால் எண்ணெய் கக்கி, தூள் விழுதாகிவிடும். விழுது மாவுக்குள் போனால் சுடும்போது உருகி வழியும்; தூளாக இருந்தால் தன் எண்ணெயைத் தானே வைத்துக்கொண்டு, கடிக்கும்போது சன்னமாக நெறுநெறுக்கும்.

மிக்சிதான் இருக்கிறது என்றால் வழியில்லாமல் இல்லை. பருப்பை அரை மணி நேரம் ஃபிரீசரில் வைத்து, பூரணத்துக்கான சர்க்கரையில் இரண்டு கரண்டியை அதோடு சேர்த்து, சிறு ஜாரில் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு, விட்டு விட்டு ஓட்ட வேண்டும். ஒரே ஓட்டமாக ஓட்டக் கூடாது. சர்க்கரை எண்ணெயை இழுத்துக்கொள்ளும், துகள்கள் ஒட்டாது. சீஸ் துருவும் கை இயந்திரம், அந்த உருளை வகை, இருந்தால் அது இதைவிட நன்றாக வேலை செய்யும்.

மேலே சொன்ன மாவுக்கு 150 கிராம் பருப்புத் தூள், 75 கிராம் பொடித்த சர்க்கரை, அரை எலுமிச்சையின் மஞ்சள் தோல் துருவல், கொஞ்சம் வெனிலா. இதை நனைத்துச் சேர்க்க இரண்டு வழிகள். அடித்த முட்டை வெள்ளைக்கரு ஒன்று. இல்லாவிட்டால் இரண்டு மூன்று கரண்டி கொதிக்கும் பால். சூடான பால் பருப்புத் தோலின் துவர்ப்பைக் குறைக்கும் என்பதால் பாலுக்கே நம் ஓட்டு. முட்டை வேண்டாம் என்பவர்கள் மாவிலும் மஞ்சள் கருவை விட்டுவிட்டு ஒரு கரண்டி கிரீம் கூடுதலாகச் சேர்க்கலாம். நிறம் கொஞ்சம் வெளுக்கும், ருசியில் பெரிய வித்தியாசம் தெரியாது. பூரணம் கையில் பிடித்தால் நிற்க வேண்டும், ஒழுகக் கூடாது. தளர்ந்துவிட்டால் ஒரு கரண்டி ரஸ்க் தூள் போதும். எலுமிச்சைத் தோலை மட்டும் விட்டுவிடக் கூடாது. அக்ரூட்டின் கனத்த ருசிக்கு எதிரே நிற்க இந்தப் பலகாரத்தில் இருப்பது அது ஒன்றுதான்.

வில்லையை எடுத்து மாவு தூவிய பலகையில் இரண்டு மூன்று மில்லிமீட்டர் கனத்துக்குத் தேய்க்க வேண்டும். ஆறு சென்டிமீட்டர் சதுரங்களாக வெட்டி, ஒவ்வொன்றின் ஒரு மூலையில் ஒரு சின்னக் கரண்டிப் பூரணத்தை நீளவாக்கில் வைத்து, மூலையோடு சேர்த்துச் சுருட்ட வேண்டும். எதிர் மூலை அடியில் வருமாறு வைத்துவிட்டு, இரண்டு முனைகளையும் விரலால் அழுத்தி மூடி, மெல்ல வளைத்தால் பிறை. சோமாசிக்கு ஓரம் மூடிப் பழகிய கைக்கு இது பெரிய வேலையே இல்லை. முதலில் ஐந்தாறு கோணல்மாணலாக வரும், பிறகு விரல் பழகிவிடும். முனை சரியாக மூடாமல் விட்டால் சர்க்கரை கசிந்து தட்டில் கருகும். அந்தக் கருகல் பக்கத்துக் கிஃப்லியிலும் ஒட்டும். நம் ஊர்ச் சூட்டில் மாவு சீக்கிரம் இளகிவிடும் என்பதால் ஒரு வில்லையைத் தேய்க்கும்போது மற்றது ஃபிரிட்ஜிலேயே இருக்கட்டும். சுருட்டி முடித்த தட்டையும் அடுப்பில் வைக்குமுன் பத்து நிமிஷம் குளிரில் வைத்தால் வடிவம் குலையாது.

ஓவன் 180 டிகிரி. 12 முதல் 15 நிமிஷம். இங்கேதான் பலர் ஏமாறுவது. பிஸ்கட் என்றால் பொன்னிறம் என்ற பழக்கத்தில் மேல்புறம் சிவக்கட்டும் என்று காத்திருப்பார்கள். கிஃப்லி சிவக்கக் கூடாது. மேலே வெளுப்பாக இருக்கும்போதே அடிப்புறம் மட்டும் லேசாக நிறம் மாறியிருக்கும். ஒன்றைப் புரட்டிப் பார்த்து அப்போதே எடுத்துவிட வேண்டும். எடுத்தவுடன் தொட்டால் உடையும். இரண்டு மூன்று நிமிஷம் ஆறவிட்டு, இன்னும் கைக்குச் சூடு தெரியும்போது வெனிலா கலந்த பொடித்த சர்க்கரையில் புரட்ட வேண்டும். அந்தச் சூட்டுக்கு முதல் பூச்சு சற்றே இளகி மாவோடு ஒட்டும். முழுக்க ஆறியபின் இன்னொரு முறை தூவினால்தான் பெயருக்கேற்ற பனி வரும். கொதிக்கக் கொதிக்கப் புரட்டினால் சர்க்கரை கூழாகிவிடும்; முழுக்க ஆறவிட்டுப் புரட்டினால் ஒட்டவே ஒட்டாது.

இந்தப் பாதி அளவுக்கே நாற்பது கிஃப்லி வரும். காற்றுப் புகாத டப்பாவில் அடுக்குக்கு ஒரு காகிதம் வைத்துச் சேமிக்கலாம். சுட்ட அன்றைவிட இரண்டு நாள் கழித்து ருசி கூடும். பூரணத்தின் ஈரம் மாவுக்குப் போய் இரண்டும் ஒன்றாகப் பதப்பட்டிருக்கும்.

போஜோனி வகைக்கு மினுக்கம் வேண்டும், சர்க்கரை தூவுவதில்லை. சுருட்டிய கிஃப்லி மேல் முட்டை மஞ்சள் கருவைப் பூசி, குளிர்ந்த இடத்தில் உலரவிட்டு, பிறகு வெள்ளைக்கருவைப் பூசி மறுபடி உலரவிட்டுச் சுடுவார்கள். மாவு வேகத்தில் உப்பும்போது உலர்ந்த பூச்சு நூல் நூலாக விரிசல் விடும். பளிங்குக் கோடு இப்படி வருவதுதான். பெய்க்லிக்கும் இதே பூச்சு. ஆவி வெளியேற ஊசியால் ஆங்காங்கே குத்தியும் விடுவார்கள்.

வெனிலா கிஃப்லி என்று ஒன்று, அதில் பூரணமே கிடையாது. அக்ரூட் தூள் மாவிலேயே கலந்திருக்கும். ஆஸ்திரியாவில் இதற்குப் பாதாம் போடுவது வழக்கம், ஹங்கேரியில் அக்ரூட். வாயில் வைத்ததும் கரையும். ஆனால் எடுக்கும்போதே உடையும் என்பதால் பார்சலுக்கு ஆகாது. இஷ்லர் என்பது அக்ரூட் பிஸ்கட் இரண்டுக்கு நடுவே ஆப்ரிகாட் ஜாம் வைத்து, சாக்லேட்டில் முக்கியது. ஹங்கேரிய யூதர்களின் ஃப்ளோட்னி ஒரு முழு மாடி வீடு: கசகசா, ஆப்பிள், அக்ரூட், பல சமயம் பிளம் ஜாமும், அடுக்கடுக்காக.

இந்த வரிசையில் ஜெர்போவைச் சொல்லாமல் விட முடியாது. ஜெனீவாப் பக்கத்திலிருந்து வந்த எமில் ஜெர்போ என்ற சுவிஸ் மிட்டாய்க்காரர் 1884இல் புடாபெஸ்டில் ஹென்ரிக் கூக்லரின் கடையில் கூட்டாளியாகச் சேர்ந்தார். பின்னாளில் கடை அவர் பெயரையே தாங்கி, இன்றும் வோரோஷ்மார்த்தி சதுக்கத்தில் நிற்கிறது. ஈஸ்ட் மாவு ஏடுகளுக்கு நடுவே அரைத்த அக்ரூட்டும் ஆப்ரிகாட் ஜாமும் பரப்பி, மேலே சாக்லேட் ஊற்றி, விரல் அகலத் துண்டுகளாக வெட்டினால் ஜெர்போ. இத்தனை பெரிய கடையின் பெயரைக் கொண்ட பலகாரம் இன்று கிறிஸ்துமஸுக்கு வீட்டிலேயே செய்யும் பண்டமாகிவிட்டது. ஹங்கேரியில் பெரும்பாலும் இப்படித்தான். மிட்டாய்க் கடைக்காரர் கண்டுபிடிப்பார், பாட்டிமார் பறித்துக்கொள்வார்கள்.

கம்யூனிஸ்ட் ஆட்சிக் காலத்தில் பண்டிகையின் பெயரையே மாற்றிப் பார்த்தார்கள். கிறிஸ்துமஸ் ‘பைன் மர விழா’ ஆனது. மிகுலாஷின் பிஷப் தொப்பி போய், மதச்சாயல் இல்லாத பனித் தாத்தா வந்தார். 1950களின் தொடக்கத்தில் சில ஆண்டுகள் டிசம்பர் 26 விடுமுறையும் இல்லை. அடுப்படிக்குள் அரசாணை செல்லுபடியாகவில்லை. அக்ரூட் முற்றத்தில் விளைந்தது, கொழுப்பு வீட்டில் வளர்த்த பன்றியிலிருந்து வந்தது. ரேஷனுக்குக் காத்திருக்காமல் செய்யக்கூடிய பலகாரம் இது என்பதும் அது பிழைத்ததற்கு ஒரு காரணம்.

அதற்கு வெகுமுன்பே கிஃப்லி கப்பலேறியிருந்தது. 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து ஹங்கேரியர் அமெரிக்காவின் சுரங்கங்களுக்கும் உருக்காலைகளுக்கும் கூலி வேலைக்குப் போனார்கள். ஒஹையோவின் கிளீவ்லாந்து, நியூ ஜெர்சியின் நியூ பிரன்ஸ்விக், பென்சில்வேனியாவின் பெத்லஹேம் என்று அவர்கள் குடியேறிய ஊர்களில் இன்றும் டிசம்பரில் கிஃப்லி உண்டு. 1956 புரட்சி நசுக்கப்பட்டதும் ஏறக்குறைய இரண்டு லட்சம் பேர் நாட்டை விட்டு வெளியேற, அதில் ஒரு பகுதியும் அமெரிக்காவுக்கே போய்ச் சேர்ந்தது. பென்சில்வேனியாவின் லீஹாய் பள்ளத்தாக்கில் இதன் பெயர் ‘கிஃபில்’ என்று தேய்ந்து, ஹங்கேரியரல்லாதவர்களும் தங்கள் ஊர்ப் பலகாரமாகவே நினைக்கும் அளவுக்கு வேரூன்றிவிட்டது. புளித்த கிரீமுக்குப் பதில் அங்கே கிரீம் சீஸ் போடுவது பரவலானது. மாவு கையாளச் சுலபம், ருசி கொஞ்சம் கனம். தேவாலயக் கூடங்களில் பெண்கள் கூடி உட்கார்ந்து நூற்றுக்கணக்கில் சுருட்டி, விற்று, கோயில் செலவுக்குப் பணம் சேர்ப்பது அங்கே நெடுநாள் வழக்கம். கிரீம் சீஸ் கிஃப்லி அசல்தானா என்று புடாபெஸ்ட்காரர்கள் முகம் சுளிக்கலாம். மூன்று தலைமுறையாகக் கைவிடாமல் சுடுகிறவர்களிடம் போய் அசல், நகல் பேசுவது நியாயமாகப் படவில்லை.

நம் ஊர் அடுப்படியில் செய்ய நினைப்பவருக்குக் கடினமாகத் தோன்றுவது புளித்த கிரீம். கெட்டித் தயிரைத் துணியில் கட்டி இரவு முழுக்கத் தொங்கவிட்டு, அதில் பாதி அளவு ஃபிரெஷ் கிரீம் கலந்தால் அதற்குப் பக்கத்தில் வந்துவிடும். வெண்ணெய் உப்பில்லாததாக இருக்கட்டும். ஐசிங் சுகருக்கு மிக்சியில் பொடித்துச் சலித்த சர்க்கரையே போதும். ஆனால் கடலோர ஊர்களின் ஈரக்காற்றில் அது இறுகும் என்பதால் மேல்பூச்சைப் பரிமாறும் அன்றைக்கு மறுபடி தூவிக்கொள்வது நல்லது.

உண்மையில் கவனிக்க வேண்டியது அக்ரூட். இந்தியாவில் விளைவதில் பெரும்பகுதி காஷ்மீரிலிருந்து வருகிறது. அங்கும் அறுவடை செப்டம்பர், அக்டோபர்தான். அதிலுள்ள எண்ணெய் சீக்கிரம் சிக்குப் பிடிக்கும் வகை. ஓடு நீக்கி, வெளிச்சமும் வெப்பமும் படும் இடத்தில் மாதக்கணக்கில் கிடந்த பருப்பு கசக்கும், பழைய எண்ணெய் வாடை அடிக்கும். எவ்வளவு சர்க்கரை போட்டாலும் கிஃப்லியில் அந்த வாடை மறையாது. எனவே டிசம்பருக்குச் செய்வதானால் நவம்பரில் ஓட்டோடு வாங்குங்கள். கையாலேயே நொறுங்கும் மெல்லிய ஓட்டு ரகம் கிடைத்தால் வேலை மிச்சம். உடைத்த பருப்பைத்தான் வாங்க முடியும் என்றால், எடை போடச் சொல்வதற்கு முன் ஒன்றை வாயில் போட்டு மென்று பாருங்கள். கசந்தால் அந்தக் கடையில் வாங்காதீர்கள். நல்லதாக இருந்தால் வீட்டுக்கு வந்ததும் காற்றுப் புகாத டப்பாவில் போட்டு நேராக ஃபிரீசரில் வையுங்கள். சுடும் நாள் வரை அங்கேயே இருக்கட்டும்.